முகாமுக்கு முந்தி ரெண்டு மாத்திரை

உங்க அப்பாவுக்கு இருமல் இருக்காக்கா? இல்லையா? தும்மல்? அதுவும் கிடையாதா. அப்ப நீங்க குடுத்து வச்சவுக. ஆபரேஷனுக்கு உள்ள கூட்டிட்டுப் போயிட்டாகள்ல, இனிமே பயமில்லை. இங்கிட்டுத் தள்ளி உக்காருங்க, அங்கன ஃபேன் காத்து வராது. காலையிலருந்து இடம் மாறி மாறி உக்காந்து பாத்துட்டேன், இந்த ஓரத்துலதான் கொஞ்சம் காத்து.

நானா? எங்க மாமியாவைக் கூட்டிட்டு வந்திருக்கேன். ஆவுடைத்தாய்னு பேரு. அந்தா பச்சைத்துணி தொங்குற கதவு இருக்குல்ல, அதுக்குள்ள முத ரூமுல உக்கார வச்சிருக்காக. வலது கண்ணு. இடது கண்ணு சின்ன வயசுலயே போச்சு, சோளத்தட்டை குத்தி. அதனால இந்த ஒத்தைக் கண்ணுதான் எல்லாமே. அதுலயும் புரை விழுந்து ஒரு வருசமா வெறும் வெள்ளைதான். ஆளு நின்னா நிழலாத் தெரியும், யாருன்னு தெரியாது.

எங்க ஊரு விளாத்திகுளத்துக்குத் தெக்க. மிளகா வத்தல் விளையிற பூமி. நானும் அத்தையும் வத்தல் மூட்டை அடுக்குற கிட்டங்கியில காம்பு கிள்ளுற வேலைக்குப் போறவுக. சாக்கை அவுத்துக் கொட்டுனா பொழுதுக்கும் அந்த நெடியிலதான் இருக்கணும். எனக்கு ஒண்ணும் பண்ணாது. அத்தைக்கு முப்பது வருச நெடி, நெஞ்சுல குடியேறிருச்சு. கண்ணு மங்குன பிறகும் வேலைக்கு வந்தாக. காம்பு கிள்ளக் கண்ணு எதுக்குடிம்பாக. விரலால தடவியே என்னையவிட வேகமாக் கிள்ளுவாக, பொய் சொல்லல.

தை மாசம் எங்க ஊரு பள்ளிக்கூடத்துல கண்ணு முகாம் போட ஆரம்பிச்சாக. மாசாமாசம் முத ஞாயித்துக்கிழமை. அங்கன பாத்து, தேறுன ஆளுகளை அப்படியே வேன்ல ஏத்தி இந்தக் கண்ணாஸ்பத்திரிக்குக் கொண்டாந்துருவாக. நான் பேரு குடுக்கப் போறேன், நோட்டுல எழுதுற சாரு சொல்றாரு, "யம்மா, இருமல் உள்ளவுகளைக் கூட்டிட்டு வராதீக. கண்ணைத் திறந்து வேலை பாக்குறப்ப ஒரு இருமல் இருமுனா போச்சு, கண்ணே போயிரும். திருப்பி அனுப்பிருவாக." எங்க அத்தை இருமாம அஞ்சு நிமிசம் இருந்தா அது அதிசயம்க்கா.

அதுக்கு நான் ஒரு வழி பண்ணேன். வழின்னா, என்ன பெரிய வழி. பெட்டிக்கடையில சளி மாத்திரை தொங்கும்ல, எல்லாரும் வாங்குறது. அதை முகாமுக்கு ரெண்டு நாளு முந்தியே ஆரம்பிச்சேன். காலையில ஒண்ணு, சாயங்காலம் ஒண்ணு. முகாமன்னிக்குக் காலையில, எதுக்கும் இருக்கட்டும்னு, ரெண்டா சேத்துக் குடுத்தேன். பெஞ்சுல ரொம்ப நேரம் உக்காரணுமே, முட்டிவலியில அனத்துவாகளேன்னு வலி மாத்திரையும் ஒண்ணு. அப்படி ஒரு மாத்திரைக்கா அது! மூக்கு ஒழுகுறது, தும்மல், இருமல் எல்லாம் சுவிட்சை அமுத்துனாப்புல நின்னு போச்சு. எனக்கு ஒரே பெருமை. வரிசையில நிக்கையில பக்கத்துல நின்னவ மாமனாரு லொக்கு லொக்குன்னு இருமுனாரு, நான் எங்க அத்தையைப் பாத்து, பாத்தீகளா அத்தைன்னு சிரிச்சேன். அவுகளும் சிரிச்சாக.

கண்ணைப் பாத்தாக, பண்ணலாம்னுட்டாக. அடுத்து கையில பட்டையைக் கட்டி பிரஷர் பாத்தாக. நூத்தித்தொண்ணூறு.

"பாட்டிக்குப் பிரஷர் இருக்காம்மா?" இருக்கு, நாலு வருசமா மாத்திரை சாப்பிடுதாக. "ஒழுங்காச் சாப்பிடுறாங்களா?" என் கையாலதான குடுக்கேன், ஒரு நாள் தப்புனது கிடையாது. "அப்ப உப்பைக் குறைங்க, ஊறுகா, கருவாடு, அப்பளம் எதுவும் கூடாது. அடுத்த மாசம் வாங்க." அம்புட்டுதான். வேன் கிளம்பிப் போச்சு, நாங்க வெயில்ல நடந்து வீட்டுக்கு வந்தோம்.

சரி, உப்புதானன்னு நானும் குறைச்சேன். ஆனா ஒரு கூத்தைக் கேளுங்க. மாசத்துல நடுவுல எங்க ஊரு நர்ஸம்மா வீட்டுக்கு வந்து பாத்தா நூத்திநாப்பது. நல்லா இருக்குங்காக. மாசி முகாம்ல போய் நின்னா நூத்தித்தொண்ணூத்தஞ்சு! வீட்டுல இறங்குறது முகாமுல எப்படி ஏறும்? நீங்களே சொல்லுங்க. யாரா இருந்தாலும் என்ன நினைப்பாக? எங்க அத்தைக்கு ஊசின்னா உசுரு போகும். கண்ணுல கத்தி வைப்பாகளாமேன்னு தையிலருந்தே புலம்பிக்கிட்டு இருந்தாக. நான் நினைச்சேன், இந்தக் கிழவி ஆபரேஷனுக்குப் பயந்துக்கிட்டு முகாமுக்கு முந்தின நாளு வேணும்னே உப்பை அள்ளித் திங்குது. ஊறுகாச் சாடியில கைய விடுது. பிரஷரை ஏத்திக்கிட்டா தப்பிச்சிரலாம்ல.

அப்படித்தான் நினைச்சேன். இப்பச் சொன்னா அசிங்கமா இருக்கு, அப்ப அது சத்தியமா நெசம் மாதிரியே இருந்துச்சு.

உப்புச்சாடியைத் தூக்கிப் பரண்ல வச்சேன். கருவாட்டுச் சட்டியைப் பக்கத்து வீட்டுல குடுத்தேன். அவுகளுக்குத் தனியா உப்பில்லாக் கஞ்சி. ரெண்டு வாய் குடிச்சிட்டு வச்சிருவாக. "தொட்டுக்கிற வெஞ்சனமாவது கொஞ்சம் உப்புப் போட்டுத் தாயேன் தாயி"ம்பாக. ஏன், நேத்துத் திருடித் தின்னது பத்தலையான்னு கேப்பேன். விடிஞ்சு எந்திரிச்சதும், போலீஸ்காரன் குடிகாரனைப் பிடிக்கிற மாதிரி, "வாயை ஊதுங்க அத்தை"ம்பேன். ஊதுவாக. விரலை மோந்து பாப்பேன். எழுவது வயசு மனுசியை, நாக்கு மேல பல்லைப் போட்டு அம்புட்டுப் பேசுனேன்க்கா. எம் புருசன் தூத்துக்குடி ஹார்பர்ல லோடு இறக்கப் போறவரு, வாரத்துக்கு ஒருக்கத்தான் வருவாரு. அவருகிட்டயும் உங்க ஆத்தா திங்கிது திங்கிதுன்னே சொன்னேன். அவரும் நம்பிட்டாரு.

மாசிக் கடைசியில எங்க ஊரு காளியம்மனுக்குப் பொங்கல். எங்க நாத்தனா சங்கரேஸ்வரி திருப்பூர்லருந்து வந்திருந்தா. அத்தை மெலிஞ்சு போயிருக்கவும் அவளுக்குப் பொறுக்கல. எங்க அம்மாவைப் பட்டினி போடுறியான்னா. நான் விடுவேனா? கோயில் வாசல்ல, அத்தனை சனம் நிக்கையில, நான் ஒண்ணும் பட்டினி போடல, உங்க அம்மாதான் திருட்டுத்தனமா உப்பைத் தின்னு ரெண்டு முகாமைக் கெடுத்துச்சு, இல்லைன்னா சூடம் அணைச்சுச் சத்தியம் பண்ணச் சொல்லுன்னுட்டேன்.

வாயிலருந்து வந்துருச்சு. வந்த பிறகு அள்ள முடியுமா?

அத்தை, "ஏத்துங்க"ன்னாக. சங்கரேஸ்வரி வேண்டாம்மான்னு அழுகுறா. "ஏத்து தாயி"ன்னு என்னையப் பாத்துச் சொன்னாக. என்னைய எங்க பாத்தாக, என் குரல் வந்த பக்கமாத் திரும்புனாக. வெத்தலை மேல கட்டிச்சூடம் வச்சுப் படியில ஏத்துனேன். வெயில் நேரம்க்கா. நமக்கே சூடத்துல தீ நிக்கிறது தெரியாது அந்த வெளிச்சத்துல. அவுகளுக்கு எப்படித் தெரியும்? "ஆத்தா, நான் உப்புத் தின்னிருந்தா எங்கண்ணு அவிஞ்சு போகட்டும்"னு சொல்லிட்டு ஓங்கி அடிச்சாக. வெறுங்கல்லுல அடிச்சாக. மறுபடி அடிச்சாக, அதுவும் கல்லு. சனத்துல யாரோ சிரிச்சுட்டாக. "தீ எங்கன இருக்கு தாயி?"ன்னு என்னையக் கேட்டாக.

நான் அவுக கையைப் பிடிச்சு அது மேல வச்சேன்.

பாக்காதீகக்கா அப்படி. வச்சேன். நானேதான் வச்சேன். நான் நினைச்சது, ஒரு அடி அடிச்சா அணைஞ்சிரும்னு. அவுக அடிக்கல, வச்ச கையை எடுக்கல. அமுத்திக்கிட்டே இருந்தாக. எடுத்துப் பாத்தா உள்ளங்கை கொப்பளிச்சுக் கிடக்கு. அப்பவும் நான் என்ன நினைச்சேன் தெரியுமா? யாத்தாடி, எம்புட்டு நெஞ்சழுத்தம் இந்தக் கிழவிக்கு, பொய்ச் சத்தியம் பண்ணிட்டு எப்படி நிக்குன்னு.

என்ன சிஸ்டர்? ஆவுடைத்தாயா? ஆமா, நான்தான். நான்தான் கூட வந்தது. பிரஷரா? மறுபடியுமா? காலையில நூத்திநாப்பதுதான இருந்துச்சு, நீங்கதான பாத்தீக! மாத்திரையா? இல்லவே இல்லை சிஸ்டர், நீங்க எழுதிக் குடுத்ததைத் தவிர ஒண்ணும் குடுக்கல, எம் பிள்ளை மேல சத்தியமா. என்ன சொல்லிப் புலம்புறாக? ம். ம். சரி. வாரேன் சிஸ்டர். இந்தா வாரேன்.

கேட்டீகளா? நூத்தியெழுவத்தஞ்சாம். சத்தியம், கண்ணு, ஆத்தான்னு உள்ள உக்காந்து புலம்பிக்கிட்டு, உடம்பு நடுங்குதாம். ரெண்டு ஆளை முடிச்சிட்டு கடைசியா ஒருக்கப் பாப்பாகளாம், அதுக்குள்ள யாராச்சும் வந்து நல்லபடியாப் பேசித் தைரியம் சொல்லுங்கன்னுட்டுப் போகுது அந்தச் சிஸ்டர். இறங்கலைன்னா திருப்பி அனுப்பிருவாக. அஞ்சாவது தடவை.

போறேன். போகாம என்ன. இருங்க, மீதியைச் சொல்லிட்டுப் போறேன். சொல்லாமப் போனா என்னால அங்க வாயைத் திறக்க முடியாது.

கை சுட்டதுக்கு வலி தாங்கலைன்னாக, அதனால வலி மாத்திரையை நாளுக்கு ரெண்டா ஆக்குனேன். பங்குனி முகாம் வந்துச்சு. சளி மாத்திரையும் வழக்கம் போல. போய்ப் பாத்தா எரநூத்திப்பத்து! டாக்டரே எந்திரிச்சு வந்து பாத்தாரு. அன்னிக்கு வீட்டுக்கு வந்ததும் அத்தை என் கையைத் தேடிப் பிடிச்சாக. வெந்த கையால பிடிச்சாக. "தாயி, சூடம் அணைச்சும் ஏறுதுன்னா, நான் எதையோ தின்னுத்தான் இருக்கேன் போல. கண்ணு தெரியாம சாடியில கைய விட்டேனோ, தூக்கக் கலக்கத்துல தின்னேனோ, எனக்கு நெனப்பு இல்லை. உன்னையத் தப்பாப் பேச வச்சுட்டேன். மன்னிச்சுக்கோ"ன்னாக.

என்னையக் கேட்டாகக்கா மன்னிப்பு. நான் என்ன சொன்னேன்? போகட்டும் விடுங்க அத்தை, இனிமே தின்னாதீகன்னேன்.

அதுலருந்து அவுகளுக்கு ஒரே பயம். பொய்ச் சத்தியம் பண்ணிட்டேன், ஆத்தா கண்ணைப் பறிச்சுருவான்னு. கண்ணு அவிஞ்சு போகட்டும்னு அவுக வாயாலயே சொல்லிட்டாகள்ல. உப்பை அறவே விட்டாக. வெள்ளிக்கிழமை வேண்டிக்கிட்டு கோயில் தரையில மண்சோறு தின்னாக. நான் பேசாம பாத்துக்கிட்டு இருந்தேன்.

சித்திரை முகாமுல புதுசா ஒரு சிஸ்டர், இப்ப வந்துட்டுப் போச்சே, அதுதான். நூத்தித்தொண்ணூறுன்னதும் மத்தவுக மாதிரி உப்பைப் பத்திப் பேசல. அத்தை பக்கத்துல ஸ்டூலை இழுத்துப் போட்டு உக்காந்து, "ஆத்தா, கடையில வாங்குன மாத்திரை ஏதாவது சாப்பிட்டியா? சளிக்கு, காய்ச்சலுக்கு, கை கால் வலிக்கு?"ன்னு கேட்டுச்சு. அத்தை பளிச்சுன்னு சொல்லிட்டாக. "எம் மருமக தரும் தாயி. முகாமுக்கு வரும்போதெல்லாம் தரும். ஒண்ணு கசக்கும், ஒண்ணு கசக்காது. எனக்கு இருமல் வரக்கூடாதுன்னு மெனக்கெட்டு வாங்கித் தரும், நல்ல பிள்ளை"ன்னாக.

அந்தச் சிஸ்டர் என்னையத் தனியாக் கூப்பிட்டு, பையைத் திறக்கச் சொல்லுச்சு. அட்டை ரெண்டும் பையிலதான் இருந்துச்சு. வாங்கிப் பாத்துட்டு, சத்தம் போடல, அது ஒண்ணு. மெதுவாத்தான் சொல்லுச்சு. "யம்மா, இந்தச் சளி மாத்திரை மூக்குல உள்ள ரத்தக்குழாயைச் சுருக்கித்தான் மூக்கு ஒழுகுறதை நிறுத்துது. மூக்கை மட்டும் சுருக்குன்னு அதுகிட்டச் சொல்ல முடியுமா? உடம்பு பூராவும் சுருக்கும், ரத்தம் முட்டிக்கிட்டுப் போகும், பிரஷர் ஏறும். இந்த வலி மாத்திரை இருக்கே, இது உடம்புல உள்ள உப்பையும் தண்ணியையும் வெளிய விடாம நிப்பாட்டி வைக்கும். பிரஷர் மாத்திரையைச் சரியா வேலை பாக்க விடாது. பிரஷர் உள்ளவுகளுக்கு டாக்டரைக் கேக்காம இதை ரெண்டையும் குடுக்கவே கூடாது."

எனக்குக் காதுல ஒண்ணுதான் விழுந்துச்சு. உப்பை உடம்புலயே நிப்பாட்டி வைக்குமாம். அவுக தின்னல. நான் தின்னக் குடுத்திருக்கேன்.

சிஸ்டர் இன்னொண்ணும் கேட்டுச்சு. "நாலு மாசமா வந்திருக்கீங்க, சீட்டுல ஒவ்வொரு தடவையும் வேற மாத்திரை இல்லைன்னே எழுதியிருக்கு. யாருமே கேக்கலையா உங்ககிட்ட?"

கேக்கலைன்னு சொல்லிட்டேன்.

இப்ப உங்ககிட்ட என்னத்துக்கு மறைக்க. கேட்டாகக்கா. மூணு தடவையும் கேட்டாக. வேற ஏதும் மாத்திரை சாப்பிடுதாகளான்னு மூணு தடவையும் கேட்டாக, நான்தான் இல்லைன்னேன். சளி மாத்திரையெல்லாம் ஒரு மாத்திரையான்னு நினைச்சேன், அது ஒரு பாதி. மறுபாதி, சொன்னா இருமல் இருக்குன்னு கண்டுபிடிச்சிருவாகளேன்னு. தெரிஞ்சே மறைச்சேன். ஆனா பிரஷர் அதனால ஏறும்னு தெரியாது. இது ரெண்டும் ஒண்ணாக்கா? ஒண்ணு இல்லையே?

நீங்க ஒண்ணும் சொல்ல வேண்டாம், விடுங்க.

சிஸ்டர் அந்த ரெண்டையும் நிப்பாட்டச் சொல்லுச்சு, பிரஷர் மாத்திரையை மட்டும் ஒரு நாளும் விடாதன்னுச்சு. இருமலுக்கு இங்க வரச் சொல்லி ஒரு டாக்டர்கிட்டக் காட்டுச்சு, அவரு வேற மருந்து எழுதுனாரு, வத்தல் நெடிப் பக்கமே விடக்கூடாதுன்னாரு. ரெண்டு வாரம் கிட்டங்கிக்குக் கூட்டிட்டுப் போகல. பாதி இருமல் தன்னால நின்னு போச்சுக்கா! வீட்டுல சும்மா உக்கார வச்சிருந்தாலே போதும்ங்கிற மாதிரி. தையிலயே அதைப் பண்ணியிருக்கலாம், எனக்குத் தோணலையே. நேத்து இங்க வந்து பாத்தா நூத்திநாப்பது. சேத்துக்கிட்டாக.

அத்தைகிட்டயா? சொல்லல. என்னன்னு சொல்ல? "டாக்டரு நல்ல மருந்தாக் குடுத்திருக்காரு, அதான் இறங்கிருச்சு"ன்னு சொல்லி வச்சேன். அவுக, "மருந்து இல்லை தாயி, மண்சோறு தின்னேன்ல, ஆத்தா மனசு இரங்கிட்டா"ன்னாக. ஆமா அத்தைன்னேன். நெசத்தைச் சொன்னா அவுக சங்கரேஸ்வரிகிட்டச் சொல்லுவாக. அவ ஊரைக் கூட்டுவா. கோயில் வாசல்ல கையைப் பிடிச்சுத் தீயில வச்சவ யாருன்னு ஊருக்கே தெரியும். அது தப்புக்குத் தண்டனைன்னு இன்னைக்கு வரைக்கும் நினைச்சுக்கிட்டு இருக்காக. தப்பு அவுகது இல்லை, இவளுதுன்னு தெரிஞ்சா நான் எங்கிட்டு நடமாட? இதுதான் என் புத்தி. இப்பக்கூட எனக்கு அதுதான் முன்னால வந்து நிக்கிது, பாருங்க.

இப்ப உள்ள அவுகளுக்கு மண்சோத்து மேல இருந்த நம்பிக்கை போயிருச்சு. கத்தியைக் கண்ட பயம். ஆத்தா மன்னிக்கல, கண்ணைப் பறிக்கத்தான் இங்க கொண்டாந்து உக்கார வச்சிருக்கான்னு நினைக்காக. அதான் நடுங்குறாக. நான் போய்த் தைரியமா இருங்க அத்தைன்னா இறங்குமா அந்தப் பிரஷரு? இறங்காது. எதைச் சொன்னா இறங்கும்னு எனக்கு நல்லாத் தெரியும்.

இந்தப் பையைச் செத்தப் பாத்துக்கோங்க.

*

தண்ணி இருக்காக்கா? குடுங்க ஒரு மடக்கு.

சொல்லிட்டேன். காதோரமா குனிஞ்சு, ஒண்ணு விடாமச் சொல்லிட்டேன். தலையில பச்சைக் குல்லா மாட்டி, புருவத்து மேல பிளாஸ்திரி ஒட்டி, நாற்காலியில சின்னப் பிள்ளை மாதிரி உக்காந்திருக்காக. "அத்தை, நீங்க உப்புத் தின்னல. நான் குடுத்த மாத்திரைதான் ஏத்தியிருக்கு. எனக்கு ரெண்டு வாரமாத் தெரியும்"னேன்.

"நான் தின்னலையா?"ன்னாக.

"தின்னல அத்தை."

"அப்ப சூடம்?"

"நீங்க பண்ணது நெசச் சத்தியம் அத்தை. நான்தான் பொய்."

மூஞ்சியைப் பாக்கணுமே நீங்க. இத்தனை வருசத்துல அப்படி ஒரு சிரிப்பை நான் பாத்ததில்லை. "நான் தின்னல, நான் தின்னல"ன்னு அவுகளுக்குள்ளேயே சொல்லிக்கிட்டாக. சிஸ்டரைக் கூப்பிட்டு, "பாத்தியா தாயி, நான் தின்னலையாம்"னாக. பக்கத்து நாற்காலியில ஒரு பெரியவரு, ஆளு யாருன்னே தெரியாது, அவருகிட்டயும் சொன்னாக. அவரு என்ன ஏதுன்னு தெரியாம, நல்லதும்மான்னாரு. நடுக்கம் நின்னு போச்சு. கால் மணி நேரம் கழிச்சு சிஸ்டர் பட்டையைக் கட்டிப் பாத்துட்டு, நூத்தம்பது, கூட்டிட்டுப் போகலாம்னுச்சு.

நான் நின்னுக்கிட்டே இருக்கேன். என்னைய ஏசுவாக, ஏசட்டும்னு நிக்கேன். "என்னைய ஏதாவது சொல்லுங்க அத்தை"ன்னேன். கையைப் பிடிக்கப் போனேன், மடியில இருந்த கையை அவுக எடுத்துக் கொஞ்சம் தள்ளி வச்சுக்கிட்டாக. கோவமா இல்லைக்கா, பஸ்ஸுல பக்கத்துல ஆளு உக்கார்றதுக்கு இடம் விடுவோமே, அப்படி.

நாற்காலியைத் தள்ளிட்டுப் போகையில, வேலுக்கனின்னு கூப்பிட்டாக. கல்யாணமாகி வந்து இருவது வருசம் ஆச்சு, தாயின்னுதான் கூப்பிடுவாக, பேரைச் சொன்னதே கிடையாது. ஓடுனேன்.

"நாளைக்குக் காலையில கட்டு அவுப்பாகளாம்ல?"

"ஆமா அத்தை, ஏழு மணிக்கு."

"அப்ப நீ எம் முன்னால வந்து நிக்காத. ஈஸ்வரியை வரச் சொல்லு."

அம்புட்டுதான். உள்ள போயிட்டாக.

சங்கரேஸ்வரிக்கு இப்பத்தான் போன் போட்டேன். ராத்திரி ஷிப்ட் முடிஞ்சு பஸ் ஏறுனாலும் இங்க வந்து சேரக் காலையில எட்டு, ஒம்பது ஆயிரும்ங்கா. ஏழு மணிக்கு எப்படி வருவா? எம் புருசனும் கப்பல் வேலையில மாட்டிக்கிட்டாரு. வேற யாரு இருக்கா எனக்கு?

அக்கா, உங்க அப்பாவுக்கும் நாளைக்கு ஏழு மணிக்குத்தான கட்டு அவுப்பாக? அவரைப் பாத்துட்டு, எங்க அத்தை கட்டிலுக்கு முன்னாலயும் செத்த வந்து நிக்கிறீகளா? கண்ணைத் திறந்ததும் ஒரு முகம் வேணும்ல அவுகளுக்கு. நான் வாசலுக்கு வெளிய நின்னுக்கிறேன், உள்ள எட்டிப் பாக்கமாட்டேன். பாக்குறாகளா, நல்லாத் தெரியுதான்னு மட்டும் கேட்டுட்டு வந்து எங்கிட்டச் சொல்லுங்க.